மில் டீமில் ஒரு பர்மாக்காரன்

தென்காசிக்கு வந்த புதிதில், எதிரே வருகிறவர்களையெல்லாம் நான் "எங்க போறீங்க?" என்று கேட்டுக்கொண்டிருந்தேன். ரங்கூனில் அதுதான் வணக்கம். பதில்கூட வேண்டியதில்லை, கேட்கப்பட்டவர் முன்னால் கையைக் காட்டிவிட்டு நடந்துகொண்டே இருப்பார். கேட்காமல் போனால்தான் நமக்கு என்ன கோபமோ என்று யோசிப்பார். இங்கே நான் கேட்டதும் பக்கத்து வீட்டு அண்ணாச்சி செருப்பைக் கழற்றிவிட்டுத் திரும்ப வீட்டுக்குள் போனார். சற்று உட்கார்ந்தார், ஒரு செம்புத் தண்ணீர் குடித்தார், பிறகு புதிதாகப் புறப்பட்டார். மறுநாளும் கேட்டேன், மறுநாளும் தண்ணீர் குடித்தார். மூன்றாம் நாள் என் பெரியப்பாவிடம் வந்துவிட்டார். "ஓய், உம்ம தம்பி மவன் வாயக் கொஞ்சம் கட்டிப் போடும். ஆய்க்குடியில ஒரு சம்பந்தம் பேசப் போவணும். மூணு நாளா வயித்துல தண்ணிதான் ரொம்புது, போக முடியல." பெரியப்பா வயிறு குலுங்கச் சிரித்தார். போகிறவரைக் கேட்டால் போகிற காரியம் கெடும் என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது.

பர்மாவிலிருந்து நடந்து வந்தவர்களுக்கும், அங்கேயே நின்றுவிட்டவர்களுக்கும், இந்த ஊர் மனிதர்களுக்கும் சேர்த்துத்தான் இதை எழுதுகிறேன். யார் மேலும் எனக்குக் குறை இல்லை.

என் அப்பா தென்காசிக்காரர். அம்மா பர்மாக்காரி, ரங்கூன் சந்தையில் கருவாட்டுக் கடை வைத்திருந்தவள். கால் ஒருவர் மேல் பட்டுவிட்டால் என்ன செய்வது என்பதில்கூட எங்கள் வீட்டில் இரண்டு சட்டம். அப்பா, பட்ட இடத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்ளச் சொல்வார். அம்மா, "கடோ" என்று வாயால் சொன்னால் போதும் என்பாள். மன்னித்துக்கொள்ளுங்கள் என்று அர்த்தம். பிள்ளைக்கு எது முதலில் கைவருமோ அது வரட்டும் என்று இருவரும் விட்டுவிட்டார்கள். எனக்கு அப்பாவின் வழக்கம் கையில் ஏறிவிட்டது.

இதனால் ஒரு மனிதனின் பிழைப்புக் கெடுமா என்று கேட்பீர்கள். எனக்குக் கெட்டது. ரங்கூனில் ஓர் அரிசிக் கம்பெனி டீமில் நான் ரைட் விங் ஆடினேன். பெயருக்குக் கிடங்குக் குமாஸ்தா. உண்மையில் பந்து உதைப்பதற்குத்தான் சம்பளம். ஒரு முக்கியமான ஆட்டத்தில் எதிராளியின் முழங்காலில் என் பூட்ஸ் பட்டது. பந்து என் காலடியில் இருக்கிறது, முன்னால் கோல்கீப்பர் மட்டும். நானோ குனிந்து அவன் முழங்காலைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டிருக்கிறேன்! நிமிர்ந்தபோது பந்து எங்கள் கோலுக்குள் கிடந்தது. கூட்டம் "கலா, கலா" என்று கூவிச் சிரித்தது. இந்தியாக்காரனை அங்கே அப்படித்தான் சொல்வார்கள். எங்கள் கேப்டன் கோ துன் நல்ல மனிதன். அவன்கூட, "உன் கையைக் கட்டிப்போட்டால்தான் உன் கால் ஆடும்" என்றான். ஒரு மழைக்காலம் முழுவதும் என்னை உட்காரவைத்துவிட்டார்கள். அந்த மழைக்காலத்தில் நான் கையை அடக்கப் பழகினேன். யார் மேல் பட்டாலும் "கடோ" என்று ஒரு சொல், அவ்வளவுதான், ஓட்டம் நிற்கக்கூடாது. மறுபடி டீமில் எடுத்தார்கள்.

பிறகு ஜப்பான்காரன் குண்டு போட்டான். அம்மாவின் தாய் படுத்த படுக்கையாக இருந்ததால் அம்மா வரவில்லை. நானும் அப்பாவும் நடந்தோம். அப்பா மலைப்பாதையில் காய்ச்சலில் போய்விட்டார். அங்கேயே மூங்கில் புதருக்குப் பக்கத்தில் விட்டுவிட்டு வந்தேன். அதைப் பற்றி இதற்கு மேல் எழுத வரவில்லை. நாங்கள் ரங்கூனைவிட்டுப் புறப்படும்போது அம்மா பெரியப்பா வீட்டு விலாசத்தைப் பாடம் போலச் சொல்லிச் சொல்லி மனப்பாடம் செய்திருந்தாள். இத்தனை பெரிய இந்தியாவில் அவளுக்குத் தெரிந்த விலாசம் அது ஒன்றுதான். ஆகவே சண்டை முடிந்து அவள் கடிதம் வரும்வரை நான் இந்த ஊரைவிட்டு நகரக்கூடாது. என் முழு ஆசையும் அவ்வளவுதான்.

இங்கே நிற்க வேலை வேண்டுமே. பக்கத்தில் ஒரு பஞ்சு மில்லில் புட்பால் டீம் இருந்தது. நான் சும்மா பந்தைத் தட்டிக்கொண்டிருந்ததைப் பார்த்த மானேஜர், "ஏலே, ஒன் கால்ல என்ன காந்தமா வச்சிருக்க? நாளைக்கே வா" என்றார். கேட்டில் நேரம் குறிக்கும் வேலை தந்தார். ஆட்டம் இருக்கும்வரை வேலை. இங்கே எல்லோரும் வெறுங்காலில் ஆடினார்கள். முதல் மாதம் என் பாதம் முழுக்கக் கொப்புளம். "பர்மா துரைக்குப் பட்டுக் காலு" என்று கேலி செய்துகொண்டே விளக்கெண்ணெய் தடவிவிட்டவர்களும் அவர்கள்தாம். ஜெயித்தால் "நம்ம தென்காசிப் பய", தோற்றால் "அந்தப் பர்மாக்காரன்". அதுவும் பரவாயில்லை, ரங்கூனில் தோற்றாலும் ஜெயித்தாலும் கலாதான்.

குற்றாலத்தில் சீசன் தொடங்கி, காற்றோடு சாரல் தென்காசிவரை வந்து முகத்தில் தெளித்துக்கொண்டிருந்த ஒரு சாயங்காலம் கோப்பைக்கான கடைசி ஆட்டம். எதிர் டீமின் தலைவர் உள்ளூர்ப் பள்ளிக்கூடத்து டிரில் மாஸ்டர். மைதானத்தைச் சுற்றி நின்றவர்களில் பாதிப் பேர் அவரிடம் பிரம்படி வாங்கியவர்கள். ஒன்றுக்கு ஒன்று என்று இருந்தது. பந்துக்காக நாங்கள் இருவரும் பாய்ந்தோம். ஈரப் புல்லில் அவர் வழுக்கி விழுந்தார். ஓடிய வேகத்தில் என் வெறுங்கால் அவர் நெஞ்சில் பதிந்தது. "கடோ" என்று என் வாய் சொன்னது. கால் ஓடியது. கோல் போட்டேன்.

திரும்பிப் பார்க்கிறேன், கைதட்டல் இல்லை. எங்கள் டீம்காரர்களே மாஸ்டரைச் சுற்றி நிற்கிறார்கள். ஒரு கிழவர் கோட்டுக்கு வெளியே நின்று கத்தினார்: "வாத்தியார் நெஞ்சுல மிதிச்சிட்டு, தொட்டுக் கும்பிடாம ஓடுதான் பாருங்கலே! பெத்தவ சொல்லித் தந்திருந்தால்லா தெரியும்!"

கோப்பை எங்களுக்குத்தான் வந்தது. அதைத் தூக்க யாரும் என்னைக் கூப்பிடவில்லை. இருட்டுவதற்குள் மாஸ்டர் வீட்டுக்கு ஓடினேன். நெஞ்சில் ஒத்தடம் கொடுத்துக்கொண்டு கட்டிலில் சாய்ந்திருந்தார். காலைத் தொட்டேன். அழுகை வந்துவிட்டது.

"ஏய், எந்திரிப்பா. பந்தடியில அதெல்லாம் பாத்தா ஆவுமா? நான் மறந்துட்டேன்" என்றார். பிறகு ஜன்னல் வழியே தெருவைப் பார்த்துக்கொண்டு, "ஆனா ஊரு பாத்துட்டுல்லா" என்றார்.

மறுநாள் மானேஜர் என் முகத்தைப் பார்க்காமல் பேசினார். "நீ போட்ட கோல்லதான் ஜெயிச்சோம், இல்லைங்கல. ஒங்கூட ஆட மாட்டோம்னு பயலுவ சொல்லுதானுவ. ஆட்டம் இல்லாம உன்னைய எதைச் சொல்லிலே கேட்டுல நிறுத்த?" பெரியப்பாவும் அன்று சாப்பாட்டில் கைவைத்தபடி, மதுரைப் பக்கம் ஏதாவது வேலை பார்க்கலாமே என்றார். துரத்தவில்லை, வருந்தித்தான் சொன்னார். ஊரைவிட்டுப் போனால் கடிதம் யார் கைக்குப் போகும்? அருவியில் குளிக்க வருகிறவர்களுக்கு எண்ணெய் தேய்த்துவிடும் வேலைக்குக் குற்றாலத்தில் ஆள் தேவைப்பட்டது. போய்விட்டேன். பந்தாடியவனுக்கு எந்த நரம்பு எங்கே பிடிக்கும் என்று தெரியும். தென்காசிக்கு மூன்று மைல். காலையில் ஊரார் முதுகு, மத்தியானம் தபாலாபீஸ். தபால்காரர் தூரத்திலேயே தலையை ஆட்டிவிடுவார்.

சண்டை முடிந்து வெகுநாள் கழித்துக் கடிதம் வந்தது. உறையின் மேல் யாரோ இங்கிலீஷில் எழுதிய விலாசம். உள்ளே முழுக்கப் பர்மிய எழுத்து. என்னை அப்பா தமிழ்ப் பள்ளிக்கூடத்தில் போட்டவர். அம்மாவின் பேச்சு எனக்கு வரும், எழுத்து தெரியாது. மாந்தலேயில் ஜவுளிக் கடை வைத்திருந்து திரும்பி வந்த ஒரு பாய் தென்காசியில் இருக்கிறார். அவர் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு வாய்விட்டுப் படித்தார். பாட்டி இறந்துவிட்டாள். வீடு எரிந்துவிட்டது. மடத்துச் சத்திரத்தில் இருக்கிறேன். சாயங்காலமானால் உங்கள் மைதானத்துக்குப் போய் உட்காருகிறேன், வந்தால் நீ முதலில் அங்கேதானே வருவாய். டீம் மறுபடி ஆடுகிறது. உன் இடத்தில் ஆடுகிறவன் நன்றாக ஓடவில்லை.

பாய் கடிதத்தை மடித்து என் கையில் கொடுத்தார். "கெளம்பிப் போயிருதீயா தம்பி?" என்று கேட்டார். போக அனுமதிச் சீட்டு வேண்டும். அங்கே பிறந்தவன் என்று காட்ட வேண்டும். காட்டக்கூடிய காகிதமெல்லாம் அப்பாவின் டிரங்குப் பெட்டியோடு மலைப்பாதையில் கிடக்கிறது. ஆபீசில் என் பெயரையும் அப்பா பெயரையும் பார்த்துவிட்டு, "சுத்தத் தென்காசிக்காரன்லா நீ, உனக்கு அங்கன என்ன சோலி?" என்றார்கள். அந்த வார்த்தைக்காகத்தான் இத்தனை வருஷம் ஏங்கியிருந்தேன். பாயே பதில் எழுதித் தந்தார்: அனுமதி கேட்டிருக்கிறேன் அம்மா, மழையில் உட்காராதே.

எண்ணெய்க் கையைச் சீயக்காய் போட்டுக் கழுவிவிட்டு, வேலை இல்லாத நேரத்தில் அந்தக் கடிதத்தைப் பிரித்து வைத்துக்கொள்கிறேன். பர்மிய எழுத்தெல்லாம் உருண்டை உருண்டையாக இருக்கும். ஆட்டம் தொடங்குமுன் கோட்டின் மேல் அடுக்கிவைத்த பந்துகள் போல, வரி வரியாக, பக்கம் முழுவதும். ஒன்றைக்கூட என்னால் அசைக்க முடியவில்லை.