அடுப்பின் மேல் கிடந்த எங்கள் மண்

என் கையெழுத்து கோணலாக இருக்கும், பிழைகளும் இருக்கும். ஐந்தாவதோடு பள்ளியை விட்டவன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

இன்று காலை கோவில்பதாகையில் எங்கள் மனையை உயர்த்த மகன் ஒரு லாரி மண் வரவழைத்தான். அந்த ஈர வாசனையில், நான் சிறுவனாக இருந்தபோது அப்பா மண் கொட்டியது நினைவுக்கு வந்தது. மழைத்தண்ணீர் வீட்டுக்குள் வராமலிருக்க இடுப்பளவு கொட்டினார். அதைத் தாங்க எங்கள் பக்கம் தனிச்சுவர் கட்டவில்லை. பக்கத்து வீட்டு லட்சுமி அக்காவின் மெல்லிய செங்கல் சுவர்மேலேயே சாய்த்துவிட்டார்.

சுவர் பிதுங்குகிறது என்று அக்கா வந்து சொன்னார். அப்பா வெற்றிலையை மென்றபடி, "செவுரு உன்து, நீதான் பாத்துக்கணும்" என்றார்.

அடைமழையில் அந்தச் சுவர் மண்ணோடு சரிந்து அவர்களுடைய சமையல் கொட்டகைமேல் விழுந்தது. நல்லவேளை, உள்ளே யாருமில்லை. விடிந்ததும் அக்கா முழங்கால் சேற்றில் நின்று அப்பாவைக் கூப்பிட்டார்.

"செவுரு என்துதான் அண்ணாத்தே. அடுப்பு மேல குந்திகினு கீதே இந்த மண்ணு, அது யார்து?"

தெருவே சிரித்தது. அப்பா கதவைச் சாத்திக்கொண்டார். மண்ணை அள்ள எங்கள் வீட்டிலிருந்து ஒருவரும் போகவில்லை. அக்கா எதிரே வந்தால் நான் தலையைக் குனிந்துகொள்வேன்.

இன்று லாரி பக்கத்து வீட்டுச் சுவரை ஒட்டியே கொட்டியது. "மொதல்ல நம்ம பக்கம் ஒரு செவுரு கட்டிக்கலாம்பா" என்று மகனிடம் தயங்கிச் சொன்னேன்.

"அவங்க செவுருப்பா, அவங்க பாத்துப்பாங்க."

முகம் எரிந்தது. மண்வெட்டியை எடுத்துச் சுவரோரத்து மண்ணை எங்கள் பக்கம் இழுத்தேன். மகன் லாரிக்காரரிடம், "அடுத்த லோடு இப்ப வேணாண்ணா" என்று சொல்லும்வரை நிறுத்தவில்லை.

ஐப்பசி, முதல் ஞாயிறு.