மார்கிட் அம்மா அழித்த பேட்டி

மார்கிட் அம்மா இறந்துவிட்டார்களாம். ஜெர்மனியில், அவர்கள் ஊர் ஆஸ்பத்திரியில்...

காலையில் புளியங்குடி செல்வி டீச்சர் போன் பண்ணிச் சொன்னார். அந்த அம்மா இங்கே படம் எடுக்க வந்தபோது கூடவே இருந்து இங்கிலீஷில் பேசி எங்களுக்குத் தமிழில் சொன்னவர்.

எனக்கு எழுதப் படிக்கத் தெரியாது. நான் சொல்லச் சொல்ல மருமகள் டைப் பண்ணுகிறாள். அந்த அம்மாவைப் பார்த்துப் பேசியவர்கள் இந்தக் குரூப்பில் சில பேர் இருக்கிறீர்கள், அதனால்தான்.

டாக்குமெண்டரி எடுக்கிறவர். யுத்த காலத்தில் அவர் ஊரிலிருந்து யூதர்களை ரயிலில் ஏற்றிச் சாவதற்கு அனுப்பினார்கள் அல்லவா... அதை அந்த ஊர்க்காரர்களிடமே போய்க் கேட்டவர். பெற்ற அப்பாவையும் விடவில்லை.

அப்புறம் எங்களுக்கு நடந்ததைப் படம் எடுக்க இங்கே வந்தார். மேலநீலிதநல்லூர் பக்கம், நாங்கள் முன்னால் இருந்த ஊரில் மேலத்தெருக்காரர்கள் எங்கள் தெருவைக் கொளுத்தினார்கள். என் தம்பி மாடசாமியை அடித்துக் கொன்றதும் அன்றுதான். கேஸ் நிற்கவில்லை. பார்த்தேன் என்று சொல்ல ஆள் இல்லை.

அதற்குப் பிறகு சங்கரன்கோவிலுக்கு வந்து விசைத்தறியில் சேர்ந்தவன் நான்.

முதல் பேட்டி என்னிடம். எங்கள் தெருவில் தறிச் சத்தத்தில் ஒன்றும் கேட்காது. கொஞ்ச நேரம் நிறுத்த முடியுமா என்று கேட்டதற்கு எங்கள் முதலாளி, "கரண்ட் போகும்போது வாங்கம்மா, ஊரே ஊமையாயிரும்" என்றார். கிண்டல்தான். அந்த அம்மா நிஜமாகவே கேமராவை வைத்துக்கொண்டு வாசலில் உட்கார்ந்துவிட்டார். தினமும் போகிற கரண்ட் அன்றைக்குப் பார்த்துப் போகவில்லை... மறுநாள்தான் போனது.

பிறகு பழைய ஊருக்குப் போனோம். கேமரா மேல் வெயில் படாமல் குடை பிடிப்பது என் வேலை.

மேலத்தெருவில் யாரைக் கேட்டாலும் ஒரே பதில். அன்றைக்குச் சங்கரன்கோவில் ஆடித்தபசுத் திருவிழா பார்க்கப் போயிருந்தேன், ஊரில் இல்லை. "எல்லாரும் தபசுக்குப் போய்ட்டா தீ வச்சது யாருவே, எங்க வெள்ளாடா?" என்று கேட்டுவிட்டேன். டீச்சர் அதை எடுத்துச் சொன்னதும் அந்த அம்மா சிரிக்கவில்லை. அவர் ஊரிலும் ரயில் போன அன்றைக்கு எல்லோரும் வயலில்தான் இருந்தார்களாம்.

ஒரே ஒரு பெரியவர் பேசினார். பெயர் சொல்ல மாட்டேன். அந்த அம்மாவுக்கு அது பிடிக்காது.

"மாடசாமி எங்க வாசல்லதான் வந்து விழுந்தான். அண்ணாச்சி, தண்ணின்னான். நான் உள்ள தாழ்ப்பாளப் புடிச்சிக்கிட்டே நின்னேன். அடிச்சவங்களையும் பாத்தேன். பொழுது சாயுத வரைக்கும் முனங்கிக்கிட்டுக் கெடந்தான்."

என் கையிலிருந்த குடையை டீச்சர் வாங்கிக்கொண்டார்.

அந்த அம்மாவுக்கு ஒரு வழக்கம் உண்டு. யாரை எடுத்தாலும் மறுநாள் போய் அவர்களுக்கே போட்டுக் காட்டுவார். வேண்டாம் என்றால் அவர்கள் கண் முன்னாலேயே அழித்துவிடுவார்.

மறுநாள் போனோம். பெரியவரின் மகன்கள் பின்னால் வந்து நின்றார்கள். அவர் முழுசாகப் பார்த்தார். "பேத்தி கல்யாணம் இருக்கு தாயி... வேண்டாம்" என்றார்.

அழித்துவிட்டார்.

வேனில் வரும்போது என்னால் முடியவில்லை. "என் தம்பிக்குன்னு இருந்த ஒத்த சாட்சி. அத அழிக்கதுக்கா அம்புட்டுத் தூரத்துல இருந்து வந்தீய?" டீச்சர் தயங்கினார். அப்படியே சொல்லுங்க என்றேன். சொன்னார்.

ரயில் பெட்டியைப் பூட்டியவர்களில் தன் அப்பாவும் ஒருவர் என்றார் அந்த அம்மா. கேமரா ஓடுவது தெரியாமல் மகளிடம் சொல்லியிருக்கிறார். இவர் அதைப் படத்தில் போட்டுவிட்டார். சாகிற வரை அப்பா இவரிடம் பேசவில்லை. அதற்கப்புறம் வந்த வழக்கம் இது.

எனக்கு அது பதிலாகத் தோன்றவில்லை. இப்போதும் தோன்றவில்லை.

படம் அந்தப் பெரியவர் இல்லாமலே வந்தது. கொஞ்ச நாளில் அவரும் போய்விட்டார்.

ஆனால் வருஷா வருஷம் தம்பி செத்த நாளில் அந்த அம்மா போன் பண்ணுவார். "அண்ணாச்சி, சொல்லுங்க" என்பார், தமிழில். பெரியவர் சொன்னதை ஒரு வார்த்தை விடாமல் சொல்லுவேன். அவருக்கு என்ன புரிந்திருக்கும்... கேட்டுக்கொண்டே இருப்பார். முடிந்ததும் சரி என்று வைத்துவிடுவார்.

இந்த வருஷம் போன் வரவில்லை.

வெள்ளிக்கிழமை அடக்கமாம். இன்று டீச்சர் போனை வைத்த பிறகும் நான் காதிலிருந்து எடுக்கவில்லை. பெரியவர் சொன்னது முழுவதையும் ஒரு தடவை சொல்லி முடித்தேன்.

நல்லபடியாகப் போங்கம்மா.