அப்பாவின் தொண்டையில் வேறு ஆள்

அப்பாவின் பதினாறாம் நாள் காரியம் முடிந்து பந்தியில் உட்கார்ந்திருந்தபோது, மார்த்தாண்டத்திலிருந்து வந்த அத்தை, "உனக்கென்ன மக்கா, அண்ணன் பேசுறதக் கேக்கணும்னா போனத் தட்டினாப் போரும்" என்றாள். இலையை அப்படியே விட்டு எழுந்துவிடலாமா என்றிருந்தது. என் அப்பா வருஷக்கணக்காக டி.வி. தொடர்களில் நடித்தவர். அதில் ஒரு வார்த்தைகூட அவர் குரலில் இல்லை.

கதாநாயகியின் மாமனார், பஞ்சாயத்துத் தலைவர், நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாகிற கணக்குப்பிள்ளை. இப்படித்தான் அவருக்கு வேஷங்கள் வந்தன. பேர் கடைசியில் ஓடும், படிப்பதற்குள் விளம்பரம் வந்துவிடும். அதெல்லாம் போகட்டும். முதல் தொடர் வந்த அன்று கோட்டாறில் எங்கள் தெருவே வீட்டுக்குள் நெருக்கியடித்து உட்கார்ந்திருந்தது. திரையில் அப்பா வாயைத் திறந்தார். எவனோ ஒருவனுடைய கனத்த குரல் வந்தது. பக்கத்து வீட்டு அக்கா என்னைத் திரும்பிப் பார்த்து, "ஏட்டி, அப்பாக்குத் தொண்ட கட்டியிருக்கா?" என்று கேட்டாள்.

அப்பா சிரித்துச் சமாளித்தார். "நம்ம பேச்சு மலையாளம் மாதிரி இழுக்காம். டப்பிங்குக்கு வேற ஆளு வச்சிட்டானுவ" என்றார். எனக்குத்தான் பற்றிக்கொண்டு வந்தது. வாழைப்பழத்தை வாளப்பளம் என்று தின்கிற டி.வி. கூட்டம், ழகரம் பிசகாத மனிதனின் தமிழைக் குறை சொன்னதாம்! முகம் வேண்டும், வழுக்கை வேண்டும், கொளுத்துகிற வெயிலில் திரும்பத் திரும்ப விழுந்து சாக ஆள் வேண்டும், பேச்சு மட்டும் வேண்டாமா? என்ன அநியாயம் இது! அடுத்த தொடரிலும் அதே கதைதான். குரல் கொடுக்கிற ஆள் மட்டும் மாறினான்.

வீட்டில் அவர் பேசியதை நாங்கள் போனில் பிடித்து வைக்கவில்லை. ஷூட்டிங் இல்லாத நாளில் ஓயாமல் பேசிக்கொண்டே இருக்கிற மனிதரை யார் பிடித்து வைப்பார்கள்?

காரியத்துக்கு வந்தவர்கள் போனபிறகு அம்மா கேட்டாள்: "ஒருக்கா அவருக்க சத்தத்தக் கேக்கணும் மக்களே. எங்கயாவது இருக்கும், பாரு."

அன்றிலிருந்து தேடுகிறேன். கிடைத்த தொடரையெல்லாம் போனில் ஓட்டுகிறேன். அப்பா கோபப்படுகிறார், அழுகிறார், மகளைக் கட்டிக்கொடுக்கிறார், எல்லாம் ஊர்பேர் தெரியாத தொண்டைகளில். அம்மா தலையைத் திருப்புவதே இல்லை.

நேற்று ஒரு பழைய தொடர் கிடைத்தது. அதில் அப்பாவுக்குக் காசநோய்க்காரர் வேஷம். கட்டிலில் கிடந்து எவன் குரலிலோ வசனம் பேசி முடித்துவிட்டு இருமினார். சின்னதாக ரெண்டு இருமல், பிறகு ஒரு செருமல். சத்தத்தைக் கூட்டி மறுபடி ஓட்டினேன், அப்பாவேதான். இருமுவதற்கும் ஆள் வைத்துக் கூலி கொடுக்க மனம் வராமல் அதை அப்படியே விட்டிருக்கிறார்கள், பாவிகள்.

அடுக்களையிலிருந்து அம்மா குரல் கொடுத்தாள். "சுக்குவெள்ளம் போட்டுத் தரட்டா?"

அப்பா இருமினால் அவள் போட்டுக் கொடுக்கிற சுக்குத் தண்ணீர். கேட்டபிறகுதான் அவளுக்கு உறைத்திருக்க வேண்டும். கரண்டியோடு வந்து வாசலில் நின்றாள். நான் போனைக் காட்டினேன்.

"இன்னொருக்கா போடு" என்றாள்.