நண்டுப் படத்தை வரைந்தவர்

அந்தப் படத்தை வரைந்தவர் யாரென்று எனக்குத் தெரியும். தெரிந்துகொண்டே, 'வரைந்தவர்: தெரியவில்லை' என்று எழுதினேன். இணைய நூலகத்தில் நீங்கள் பார்த்து ரசித்தீர்களே, அந்த நண்டுப் படத்தைத்தான் சொல்கிறேன்.

புதுச்சேரியில், பெரிய மார்க்கெட்டுக்குப் பின்னால் கல்யாண வீடியோ கடை வைத்திருந்தேன். எல்லாரும் கேசட்டைக் கொடுத்து சிடியாக மாற்றிக்கொண்டிருந்த காலம். எனக்கோ ஒரு பித்து: யாரும் சீண்டாத பழைய கார்ட்டூன் படங்களைத் தேடிப்பிடித்து, உலகமே இலவசமாகப் பார்க்கும் அந்த நூலகத்தில் ஏற்றுவது.

ஜோசபின் மதாம் ஒரு பழைய ஃபிலிம் ரீல் இருந்த தகர டப்பாவோடு வந்தார். ஓவிய ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவர். இளவயதில் மூன்று வருடம் தாள் தாளாக வரைந்து அவரே எடுத்த எட்டு நிமிடப் படம். வீராம்பட்டினத் தேரைப் பார்க்க ஒரு நண்டு கிளம்புகிறது. யார் காலிலும் மிதிபடாமல் போய்ச் சேர வேண்டும். அவ்வளவுதான் கதை. இருந்தது அந்த ஒரே பிரதி.

ரீலைப் புரொஜெக்டரில் போட்டுச் சுவரில் ஓட்டி, வீடியோ கேமராவில் பிடித்தேன். எங்கள் தொழிலில் ஒரு வழக்கம்: எந்தப் படமானாலும் முன்பக்கத்தை வெட்டிவிட்டுக் கடைப் பெயரை ஒட்டுவோம். அதே பழக்கத்தில், அவர் பெயர் வந்த முதல் அரை நிமிடத்தைக் கை வெட்டிவிட்டது. பாருங்கள், கையின் மேல் பழி போடுகிறேன்!

சரி, வெட்டியது பழக்கம். 'தெரியவில்லை' என்று எழுதியது...? நான்தான். ஆள் தெரியாத படம் என்றால் கண்டெடுத்தவனுக்குத்தானே பெருமை? அந்தப் பெருமை எனக்கு வேண்டியிருந்தது.

எங்கெங்கிருந்தோ பாராட்டி எழுதினார்கள். பூரித்துப்போனேன். வெட்டாத படம் இருந்த டேப்பின் மேல் அடுத்த முகூர்த்தக் கல்யாணத்தைப் பதிந்தேன். கடையிலேயே கிடந்த ரீல் கெட்டுப்போய்ப் புளித்த வாடை அடித்ததும் குப்பையில் போட்டேன்.

ஒருநாள் மதாம் படத்தைப் பார்க்க வந்தார். முடியும்வரை கண்ணை எடுக்கவில்லை. பிறகு மெல்லக் கேட்டார்.

"எம் பேரு வரலியேப்பா?"

"முன்னாடி கொஞ்சம் கெட்டுப்போயிருந்துச்சு மதாம். எடுக்க முடியல."

"போவட்டும். நண்டு நல்லாத்தான் நடக்குது."

படத்தின் கீழே ஒருவர், வரைந்தவரிடம் ஒருமுறையாவது பேச வேண்டும் என்று ஆங்கிலத்தில் எழுதியிருந்தார். மதாமுக்குத் தமிழும் பிரெஞ்சும்தான் வாசிக்க வரும். என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டார். நன்றாக இருக்கிறதாம் என்று சொன்னேன். அவர் முகம் மலர்ந்ததே... அதை நான் எங்கே கொண்டுபோய் வைப்பேன்!

அடுத்த மழைக்காலத்தில் அவர் இறந்துபோனார். அடக்கம் முடிந்த மறுநாள், வரைந்தவர் இடத்தில் அவர் பெயரை எழுதினேன். நல்லவன் என்று நினைத்துவிடாதீர்கள். எதை வெட்டினேன், எதை எறிந்தேன் என்று எழுதவில்லை.

சில நாளில் நூலகத்திலிருந்து மரியாதையாக ஒரு கடிதம் வந்தது. முதலில் தெரியவில்லை என்றீர்கள், இப்போது ஒரு பெயர் சொல்கிறீர்கள். படத்தில் அந்தப் பெயர் வரும் இடத்தையோ, ரீலின் புகைப்படத்தையோ அனுப்ப முடியுமா?

உண்மையை எழுதியிருந்தால் நம்பியிருப்பார்களோ என்னவோ... எனக்குத் துணிவில்லை. பதிலே போடவில்லை. அவர்கள் பழையபடி மாற்றிவிட்டார்கள்.

இப்போதும் போய்ப் பாருங்கள். வரைந்தவர்: தெரியவில்லை. அதற்குக் கீழே, கண்டெடுத்தவர் என்று என் பெயர் இருக்கிறது.