எந்த நேரமும் பேசுவார்

மகளின் வீட்டுவேலைக் கொப்பியில் சிவப்பு மையால் ஒரு வரி எழுதியிருந்தது. "தந்தை நாளை என்னை வந்து சந்திக்கவும்." பெற்றோர் என்று எழுதியிருந்தால் இவ்வளவு பதறியிருக்க மாட்டேன். பெற்றோர் என்றால் கூட்டமாக இருக்கும், பாடசாலையைத் துப்புரவாக்கும் சிரமதானமாக இருக்கும். தந்தை என்று தனியாகப் பிரித்துக் கூப்பிட்டால் அது வேறு விஷயம்.

"ஏதாச்சும் பிழை செஞ்சியா?" என்று மகளைக் கேட்டேன்.

"இல்லப்பா."

"அப்ப ஏன் கூப்பிடுறாங்க?"

"தெரியாதுப்பா."

"தெரியாதுன்னா என்ன அர்த்தம்? யோசிச்சுச் சொல்லு."

அவள் யோசிப்பதுபோல் முகத்தை வைத்துக்கொண்டு கொப்பியின் ஓரத்தைச் சுருட்டினாள். கொப்பியைச் சுருட்டாதே என்றும் சொன்னேன்.

அப்போது அவளுக்கு எட்டு வயது, தரம் மூன்று. கண்டி நகரத்தில் ஒரு தமிழ்ப் பாடசாலையில் படித்தாள். நாங்கள் கட்டுகஸ்தோட்டையில் ஒரு மாடி வீட்டில் வாடகைக்கு இருந்தோம். மனைவி பேராதனை ஆஸ்பத்திரியில் தாதி. அவளுடைய டியூட்டி நேரம் கிழமைக்குக் கிழமை மாறும். நான் ஓர் அலுவலகத்தில் எழுதுவினைஞர். எட்டரைக்குப் போய் நாலரைக்கு வெளியே வருகிறவன். ஆகவே பிள்ளையின் படிப்பு என் பொறுப்பு என்று நானே எடுத்துக்கொண்டேன். யாரும் தரவில்லை.

பன்வில பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றில் நான் படித்த காலத்தில், என் கொப்பியைத் திறந்து பார்க்க வீட்டில் ஆள் இருந்ததில்லை. அப்பாவும் அம்மாவும் கையெழுத்துக்குப் பெருவிரலை வைத்தவர்கள். ஐந்தாம் ஆண்டுப் புலமைப்பரிசிலை ஐந்து புள்ளியில் தவறவிட்டேன். யாராவது பக்கத்தில் உட்கார்ந்து கேள்வி கேட்டிருந்தால் அந்த ஐந்து புள்ளி வந்திருக்கும் என்று இன்றைக்கும் நம்புகிறேன். எனக்குக் கிடைக்காத அந்த ஆளாக நான் இருந்தே தீருவேன் என்பது என் பிடிவாதம்.

இருந்தேன். காலை ஆறே முக்காலுக்கு பஸ் ஏறினால் பாடம் தொடங்கிவிடும். "ஏழெட்டு?" "அந்தக் கடைப் பலகையில என்ன எழுதியிருக்கு, வாசி." "பள்ளிக்கு எந்த ள? பல்லிக்கு எந்த ல?" பாடப்புத்தகம் நாலாம் வாய்ப்பாட்டில் நின்றபோது நான் எட்டுக்குப் போயிருந்தேன். கட்டுகஸ்தோட்டைப் பாலத்தில் வாகன நெரிசல் என்றால் ஊரே சபிக்கும். எனக்கு மட்டும் சந்தோஷம், இன்னும் பத்துக் கேள்வி கேட்கலாம். பின்னேரம் சொல்வதெழுதுதல். சாப்பிடும்போது சுற்றாடல் பாடம். தட்டில் கிடக்கிற போஞ்சி என்ன வகைத் தாவரம் என்று கேட்காமல் அவளை நான் விழுங்க விட்டதில்லை.

இவ்வளவு செய்தும் முதலாம் தவணைப் புள்ளிகள் குறைவு. வகுப்புப் பெற்றோரின் வாட்ஸ்அப் குழுவில் மற்றவர்கள் தங்கள் பிள்ளைகளின் தாள்களைப் படம்பிடித்துப் போட்டார்கள். தொண்ணூற்றெட்டு, நூறு, மறுபடி நூறு. நான் கைகூப்பிய படம் ஒன்றை அனுப்பிவிட்டு போனைக் கவிழ்த்து வைத்தேன். மூன்றாம் ஆண்டிலேயே இப்படியென்றால் ஐந்தாம் ஆண்டில் என்ன ஆகும் என்ற பயம் நெஞ்சிலேயே குடியிருந்தது. பயம் கூடக்கூடக் கேள்விகளும் கூடின.

அடுத்த நாள் செவ்வாய்க்கிழமை. அலுவலகத்துக்குத் தாமதமாக வருவேன் என்று சொல்லிவிட்டுப் பாடசாலைக்குப் போனேன். வகுப்பு டீச்சர் யாழ்ப்பாணத்திலிருந்து அந்த வருடம்தான் மாற்றலாகி வந்தவர். வயது ஐம்பது இருக்கும். கண்ணாடிக்கு மேலாகப் பார்க்கிற பார்வை.

"வாங்கோ, இருங்கோ" என்று ஒரு சின்னக் கதிரையைக் காட்டினார். பிள்ளைகளின் கதிரை. முழங்கால் நாடியில் இடிக்க உட்கார்ந்தேன். உட்கார்ந்த மாத்திரத்திலேயே பாதி ஆளாகிவிட்டேன்.

அவர் மகளின் கொப்பியைத் திறந்து நீட்டினார். 'எனது தந்தை' என்ற தலைப்பில் ஐந்து வசனம்.

"எனது தந்தை கந்தோரில் வேலை செய்கிறார். அவர் எந்த நேரமும் பேசுவார். பஸ்ஸிலும் பேசுவார். சாப்பிடும்போதும் பேசுவார். நான் நித்திரை கொள்ளும்வரை பேசுவார்."

ஒற்றுப் பிழை ஒன்றுகூட இல்லை. எனக்குப் பெருமை தாங்கவில்லை. எந்தத் தகப்பனைப் பற்றி எந்தப் பிள்ளை இப்படி எழுதும்? சிரித்துக்கொண்டே நிமிர்ந்தேன். டீச்சர் சிரிக்கவில்லை.

"பிள்ளை வகுப்பில வாயே திறக்கிறா இல்லை. விடை தெரிஞ்சாலும் எழும்பிச் சொல்லுறா இல்லை. கேட்டா நடுங்குறா. ஏனெண்டு யோசிச்சனான். இதை வாசிச்ச பிறகுதான் விளங்கினது" என்றார். "வீட்டில நீங்கள் பேசுறதை நிப்பாட்டுங்கோ."

"பேசுறதையா டீச்சர்?"

"ஓம். ஒரு ரெண்டு கிழமைக்கு, பதினாலு நாளைக்கு, ஒண்டும் பேசாமல் விட்டுப் பாருங்கோ."

"ஒன்னுமே பேசக்கூடாதா?"

"ஒண்டும் பேசக்கூடாது. பேசினா பிள்ளை இன்னும் சுருங்கிப் போகும்."

"அப்ப பாடம் சொல்லிக் குடுக்கும்போது?"

"படிப்பிக்கேக்க தான் முக்கியமாப் பேசக்கூடாது!" என்றார். அதற்குள் மணி அடித்துவிட்டது. பிள்ளைகள் வெள்ளமாக உள்ளே வந்தார்கள். என் மகள் என்னைப் பார்த்ததும் வாசலிலேயே நின்றுவிட்டாள்.

வாய் பேசாமல் எப்படிப் பாடம் சொல்லிக் கொடுப்பது? திரும்பிக் கேட்டிருக்கலாம். ஆனால் டீச்சர் சொன்னால் தலையாட்டிவிட்டு வருகிற பரம்பரை எங்களுடையது. என் பெரிய உத்தியோகமெல்லாம் அந்தச் சின்னக் கதிரையில் செல்லாது. சரி டீச்சர் என்று சொல்லிவிட்டு வந்தேன்.

புதன்கிழமை காலை பஸ்ஸில் மகள் என் பக்கமாகத் திரும்பி உட்கார்ந்து காத்திருந்தாள். நான் ஜன்னலுக்கு வெளியே மகாவலி ஆற்றைப் பார்த்தேன். பாலம் தாண்டியது. அவள் என் சட்டைக் கையைத் தொட்டு, கேட்காத கேள்விக்கு விடை சொன்னாள். "ஏழெட்டு ஐம்பத்தாறு." நான் தலையை ஆட்டினேன். "எட்டெட்டு அறுபத்திநாலு." அதற்கும் ஆட்டினேன். அவள் கண் கலங்கியதைப் பார்த்தும் வாய்ப்பூட்டைக் கழற்றவில்லை. அதை நினைத்தால் இப்போதும் என்னை நானே அறைந்துகொள்ளலாம் போலிருக்கிறது.

பின்னேரம் காகிதத் துண்டுகளில் எழுதி நீட்டினேன். "பக்கம் 42. கணக்கு 1 முதல் 6." அவள் செய்து நீட்டினாள். பிழைக்கு வட்டம் போட்டுத் திருப்பிக் கொடுத்தேன். அலுவலகத்தில் கோவைகள் இப்படித்தான் மேசைக்கு மேசை போகும். வெள்ளிக்கிழமை என் துண்டு ஒன்றின் பின்பக்கத்தில் அவள் எழுதியிருந்தாள்: "அப்பா நான் என்ன பிழை செஞ்சேன்?"

அன்று மனைவியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவளும் என்னைப் போலத் தோட்டப்புறத்துப் பெண்தான்.

"டீச்சர் அப்படியா சொன்னாங்க? புள்ளையோட பேசக்கூடாதுன்னு?"

"படிப்பிக்கும்போது முக்கியமா பேசக்கூடாதாம்."

"இது என்னங்க கூத்து. சரி, படிச்சவங்க சொல்றாங்க. ஆனா புள்ளைக்காவது காரணத்தைச் சொல்லணுமில்ல? அது ஏங்கிப் போயிருக்கு." சனிக்கிழமை அவளுக்கு ஓய்வு நாள். தலை சீவிவிட்டுக்கொண்டே மகளிடம் சொல்லிவிட்டாள். டீச்சர்தான் சொன்னாங்க, ரெண்டு கிழமைக்கு அப்பா பேசமாட்டாரு, உம்மேல கோவமில்ல.

அன்று மத்தியானம் மகள் ரெண்டாம் தரம் சோறு கேட்டாள். திங்கட்கிழமை பஸ்ஸில் தானாகவே ஒரு கதையைத் தொடங்கினாள். பாடசாலைச் சிற்றுண்டிச்சாலைப் பூனை மூன்று குட்டி போட்டிருக்கிறது. ஒன்றுக்கு மட்டும் வால் கட்டை. அதற்குப் பெயர் வைப்பதில் வகுப்பு இரண்டு கட்சியாகப் பிரிந்துவிட்டது. கதையின் நடுவே 'மூனு' என்றாள். மூணு, மூன்று சுழி ண என்று திருத்த நாக்கு துடித்தது. கடித்துக்கொண்டேன். கதை பாலம் தாண்டி, மணிக்கூண்டு வரைக்கும் போனது. என் பிள்ளைக்கு இவ்வளவு கதை தெரியும் என்று எனக்குத் தெரியாது.

அதை ரசிக்கவும் முடியவில்லை. அடுத்த வாரம் இரண்டாம் தவணைச் சோதனை. வாட்ஸ்அப் குழுவில் மாதிரி வினாத்தாள்கள் மழையாகக் கொட்டின. என் பிள்ளை பூனைக் கதை சொல்லிக்கொண்டிருந்தாள். வெள்ளிக்கிழமை, பத்தாம் நாள், பொறுமை தீர்ந்துவிட்டது. அரை நாள் லீவு போட்டுவிட்டு, பாடசாலை விடுகிற நேரத்துக்கு டீச்சரிடம் போனேன்.

"டீச்சர், சோதனை வருது. கொஞ்சமாவது பேசலாமா?" என்றேன்.

அவர் கண்ணாடியைக் கழற்றிவிட்டுப் பார்த்தார். "என்ன? சோதனை எண்டு சொல்லிப் பிள்ளைக்குப் பேசப் போறீங்களோ?"

"ஒரு மணித்தியாலம் மட்டும், டீச்சர்."

"ஒரு மணித்தியாலமோ! என்ன மனிசனப்பா நீங்கள்?"

"பத்து நாளா ஒரு வார்த்தை பேசல டீச்சர். எல்லாத்தையும் துண்டுல எழுதித்தான் குடுக்குறேன்."

அவர் வாயில் கையை வைத்தார். "ஐயோ! பிள்ளையோட கதைக்கிறதில்லையோ? நான் ஏச வேண்டாம் எண்டல்லோ சொன்னனான்! எங்கட பக்கத்தில பேசுறது எண்டா ஏசுறது."

எங்கள் அலுவலகத்தில் யாழ்ப்பாணத்தார் இருக்கிறார்கள். நாம் பேசுவதை அவர்கள் கதைப்பது என்பார்கள், அது எனக்குத் தெரியும். அப்படியானால் 'பேசுறது' என்ற சொல்லை எதற்கு வைத்திருக்கிறார்கள் என்று ஒருநாளும் யோசித்ததில்லை. டீச்சரும் நானும் சிரிசிரியென்று சிரித்தோம். அவருக்குக் கண்ணில் நீரே வந்துவிட்டது. "எண்டாலும் பாருங்கோ, இந்தக் கிழமை பிள்ளை ரெண்டு தரம் கை உயர்த்தினவ" என்றார். அது என் காதில் சரியாக ஏறவில்லை. நான் விடுதலையான சந்தோஷத்தில் இருந்தேன். பிள்ளை எழுதியது அப்பா ஏசுவார் என்றல்ல. அப்பா பேசுவார் என்றுதான். நான் குற்றவாளி இல்லை.

மகளைக் கூட்டிக்கொண்டு பஸ் நிலையத்துக்கு நடந்தேன். பத்து நாள் சேர்ந்திருந்த பேச்சு. "பாப்பா, என்ன நடந்துச்சு தெரியுமா? நீ 'பேசுவார்'னு எழுதினத டீச்சர் 'ஏசுவார்'னு நினைச்சிட்டாங்க. அவங்க ஊர்ல அப்படித்தானாம்."

அவள் சிரிக்கவில்லை. நடந்துகொண்டே யோசித்தாள்.

"நீ பேசுறதைத் தானே எழுதின?" என்றேன்.

"ஆமாப்பா."

"ஏசுறதை இல்லையே?"

"ரெண்டும் ஒன்னுதானேப்பா" என்றாள். குற்றம் சாட்டுகிற குரல் இல்லை. கேட்ட கேள்விக்கு விடை சொல்கிற குரல். "நீங்க பேசினா அப்படித்தான் இருக்கும்."

பஸ்ஸில் ஏறி உட்கார்ந்த பிறகுதான் எனக்கு விளங்கியது. டீச்சர் ஒரு சொல்லைத்தான் பிழையாக விளங்கிக்கொண்டார். பிள்ளையைச் சரியாக விளங்கிக்கொண்டார். நான் சொல்லைச் சரியாகப் பிடித்தேன், பிள்ளையை விட்டுவிட்டேன். கேள்வி என்று நினைத்து நான் நீட்டியதெல்லாம் அவளுக்கு அடியாகப் போய் விழுந்திருக்கிறது. என் பயத்தை எட்டு வயதுத் தோளில் ஏற்றிவிட்டு, அதற்குப் படிப்பு என்று பெயர் வைத்திருந்தேன். வெட்கமாக இருந்தது. சோதனைப் பயமும் போகவில்லை. அதுவும் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தது.

பஸ் புறப்பட்டது. அவள் என் சட்டைக் கையைத் தொட்டாள்.

"அப்பா, டீச்சர் ரெண்டு கிழமைன்னு தானே சொன்னாங்க?"

"ஆமா."

"அப்ப இன்னும் நாலு நாள் இருக்கு தானே?"

பதினாலில் பத்துப் போனால் நாலு. கணக்கு சரியாகத்தான் இருந்தது. நான் தலையை ஆட்டினேன். அவள் நன்றாகச் சாய்ந்து உட்கார்ந்துகொண்டு, கட்டை வால் குட்டிக்குக் கடைசியில் என்ன பெயர் வைத்தார்கள் என்று சொல்லத் தொடங்கினாள்.