கடலில் விட்ட சாட்சி

மலேசியாவில், சுங்கை பட்டாணியில் ஒரு லாயர் ஆபீசில் கடிதம் தட்டச்சு செய்யும் கிராணியாக நான் இருந்த காலத்தில், கதவுக்குப் பின்னால் ஒரு பலகை சாய்ந்து கிடந்தது. ஓரம் நசுங்கி, ஆணி துருத்திக்கொண்டிருக்கும். வருகிறவர்கள் அதில் இடித்துக்கொண்டு, "என்ன லா இது, விறகா?" என்பார்கள். விறகில்லை. அம்மன் சிலை வந்த பெட்டியின் பலகை. அந்த வழக்கில் எங்கள் கையில் மிஞ்சிய சாமான் அது ஒன்றுதான்.

குருணுக்குப் பக்கத்து ரப்பர் தோட்டம் ஒன்றில் மாரியம்மன் கோயிலை இடித்துக் கட்டி, தமிழ்நாட்டிலிருந்து கருங்கல் சிலை வரவழைத்தார்கள். கப்பலில் பத்திரமாக வந்த சிலை, துறைமுகத்திலிருந்து குருணுக்கு ரயிலில் வந்தபோது அடிபட்டுவிட்டது. பெட்டி நசுங்கியிருப்பதை ஸ்டேஷனிலேயே எழுதி வாங்கிக்கொண்டார்கள். அதுவரைக்கும் கெட்டிக்காரர்கள்தான்! தோட்டத்தில் பிரித்துப் பார்த்தால் அம்மனுக்கு வலது கையில் இரண்டு விரல் இல்லை. பெண்கள் அழுதுவிட்டார்களாம். பின்னமான சிலையைக் கோயிலில் வைக்கக் கூடாது, தண்ணீரில் விட்டுவிட வேண்டும் என்பது நம் வழக்கம். மறுநாளே லாரி பிடித்து, கோலா கெடா கடற்கரையில் படகேற்றி, கற்பூரம் காட்டிக் கடலில் விட்டுவிட்டார்கள். அதற்கப்புறம்தான் நஷ்டஈடு கேட்டு எங்களிடம் வந்தார்கள்.

"உடைஞ்ச சாமான் எங்க?" என்றார் லாயரம்மா.

"சாமான்னு சொல்லாதீங்கம்மா. ஆத்தா கடல்ல இருக்கா," என்றார் கோயில் தலைவர். பால்மரம் வெட்டுகிறவர், கோயிலுக்கு வரும்போது மட்டும் செருப்புப் போடாதவர். எங்கள் ஆபீசுக்கும் அன்று வெறுங்காலோடுதான் வந்திருந்தார்.

லாயரம்மா தலையில் கை வைத்துக்கொண்டார். "பொணத்த எரிச்சிட்டு வந்து கொலைக் கேஸ் போடச் சொல்றீங்களே தலைவரே!"

வேறு யாராவது என்றால் வாசலைக் காட்டியிருப்பார்கள். லாயரம்மா யாழ்ப்பாணத்து வழிவந்த குடும்பம், ஞாயிறு தவறாமல் சர்ச்சுக்குப் போகிறவர். ஆனால் புரியாத ஒன்றைப் பார்த்துவிட்டால் விடமாட்டார், உடும்புப்பிடி. சரக்கை ஏற்றி அனுப்பிய கம்பெனியோ, "இரண்டு விரலை ஒட்டிக்கொள்ளலாமே, நல்ல சிலையைக் கடலில் போட்டால் நாங்களா பொறுப்பு?" என்று கேட்டது. அது நியாயமாகத்தான் பட்டது. "ஏம்மா, விரல் போனா சாமியும் போயிடுமா?" என்று சாப்பாட்டு நேரத்தில் லாயரம்மா என்னைத் துளைப்பார். எனக்கென்ன தெரியும்? பிறந்ததிலிருந்து கும்பிட்டிருக்கிறேனே தவிர, ஒரு நாளும் யோசித்ததில்லை. அவர் ஒவ்வொரு குருக்களாகத் தேடிப் போய்க் கேட்டார். அதற்குள் கோயில் கருவறையில் வெறும் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. இன்னொரு தடவை வசூலுக்குப் போகத் தோட்டத்தில் ஒருவருக்கும் தெம்பில்லை. ஈடு கிடைத்தால்தான் புது அம்மன்.

கடைசியில் லாயரம்மா பிடித்த வாதம் இதுதான்: சாமியாக நிற்க முடியாத சிலை வெறும் கல். அதை வைத்து இவர்கள் ஒன்றும் செய்ய முடியாது. ஆகவே முழு நஷ்டம். இதையே திரும்பத் திரும்ப எழுதினார், நான் தட்டித் தட்டி விரல் தேய்ந்தேன். கம்பெனி இறங்கி வந்தது. முழு ஈடும் தர ஒப்புக்கொண்டு பத்திரம் அனுப்பியது.

தலைவர் கையெழுத்துப் போட வந்தார். லாயரம்மா ஒவ்வொரு வரியாகத் தமிழில் சொன்னார். முழு ஈடு கொடுத்துவிட்டால் உடைந்த பொருள் இனிமேல் கம்பெனிக்குச் சொந்தம் என்று ஒரு வரி இருந்தது. இந்தத் தொழிலில் அது வழக்கமான வரிதான்.

"அப்போ ஆத்தா அவங்களுக்குச் சொந்தமா?"

"சும்மா ஒரு பேச்சுக்குத்தான். கடல்ல போய் யாரு தேடப் போறா?"

தலைவர் பேனாவை மூடி மேசையில் வைத்தார். "தேட மாட்டாங்க, தெரியும். அதுக்காக, கை ஊனமாச்சுன்னு பெத்தவள எழுதிக் குடுக்க முடியுமாம்மா? கோயில் இப்படியே கெடக்கட்டும்."

"பின்னமானா வெறும் கல்லுன்னு நீங்கதானே சொன்னீங்க!" லாயரம்மாவுக்குக் குரலே உயர்ந்துவிட்டது.

"கோயில்ல வைக்கக் கூடாதுன்னுதான்மா நாங்க சொன்னோம். கல்லுன்னு சொன்னது நீங்க."

லாயரம்மா அந்தப் பேனாவை எடுத்தார். அந்த வரியை அடித்தார், பத்திரத்தை எடுத்துக்கொண்டு தானே கம்பெனிக்குப் போனார். அங்கே மேனேஜர் யான் என்ற ஊர்ப் பக்கத்து மலாய்க்காரர். விஷயத்தைக் கேட்டதும், அவர்கள் அம்மா எங்களுக்கு எதற்கு என்று சொல்லி, அடித்த இடத்துக்குப் பக்கத்திலேயே கையெழுத்துப் போட்டாராம். புது அம்மன் வந்தாள். ரயிலில் இல்லை, லாரியில், கூடவே நாலு பேர் பிடித்துக்கொண்டு!

இன்றைக்குப் பார்சல் எங்கே வருகிறது என்று போனே காட்டுகிறது. ஆனால் அந்தத் தோட்டத்தார் இப்போதும் திருவிழாவுக்கு முன்னால் பஸ் பிடித்துக் கோலா கெடாவுக்குப் போய், கடலில் இருக்கும் மூத்தவளுக்குச் சொல்லிவிட்டுத்தான் இளையவளுக்குக் காப்புக் கட்டுகிறார்கள். போன வருஷம் நானும் போனேன். படகுத்துறையில், கையில் ஒரு முழம் மல்லிகையோடு லாயரம்மா நின்றிருந்தார்.

"சர்ச்சுக்குப் போறவங்க, இங்க என்னம்மா?" என்று கேட்டேன். வாய் சும்மா இருக்குமா?

"கடுதாசிக்குக் கடுதாசி அவளக் கல்லுன்னு எழுதினவ நான்தானே," என்றார். "அவகிட்ட நேர்ல வந்து பேச வேணாமா?"