ஆக்டிவேட்டர் விழுங்கிய கல்யாணம்

போன ஆவணி மாதம் நடந்தது இது. ஸ்ரீவில்லிபுத்தூரில் வீட்டிலிருந்தபடியே கல்யாண ஆல்பம் டிசைன் செய்துகொடுக்கிறேன். ராஜபாளையத்துப் போட்டோகிராபர் ஒருவர், கல்யாணம் முடிந்ததும் படங்களை ஹார்ட் டிஸ்க்கில் ஏற்றி என்னிடம் கொடுப்பார். முகூர்த்த மாதத்தில் அவருக்கு மூச்சுவிட நேரமிருக்காது. டிஸ்க் என் கைக்கு வந்ததுமே கேமரா கார்டுகளை அழித்துவிட்டு அடுத்த மண்டபத்துக்கு ஓடிவிடுவார்.

அந்தச் சமயம் பார்த்து, என் டிசைன் சாஃப்ட்வேரின் இலவசக் காலம் முடிந்துவிட்டது. சந்தா கட்டலாம் என்றேன். என் வீட்டுக்காரருக்குப் பொறுக்கவில்லை. "சும்மா கிடைக்கிறதுக்கு எவனாவது துட்டு குடுப்பானா?" என்று, நண்பர் அனுப்பிய ஆக்டிவேட்டர் ஒன்றை, அதாவது பணம் கட்டாமலே சாஃப்ட்வேரைத் திறந்துவிடும் திருட்டுச் சாவியை, இறக்கினார். முதலில் ஆன்டிவைரஸை நிறுத்தச் சொன்னது அது. இவரும் நிறுத்தினார்.

"ஏங்க, காவல்காரனை வெளிய அனுப்பிட்டுக் கதவைத் தொறக்கச் சொல்றானே, அவன் யாருங்க?" என்று கேட்டேன்.

"ஏட்டி, செத்த நேரம் சும்மா இரு" என்றார்.

சாஃப்ட்வேர் ஜம்மென்று திறந்தது. நானும் அப்போது வந்திருந்த ஒரு கல்யாணத்தின் டிஸ்க்கைச் செருகி வேலையைத் தொடங்கினேன்.

மறுநாள் ஒரு படம்கூடத் திறக்கவில்லை. எல்லாப் படங்களின் பெயருக்குப் பின்னாலும் என்னென்னவோ எழுத்துகள். திரையில் ஆங்கிலத்தில் மிரட்டல் வேறு: உங்கள் படங்களைப் பூட்டிவிட்டோம், பணம் அனுப்பினால்தான் சாவி என்று. கம்ப்யூட்டரில் செருகியிருந்த போட்டோகிராபரின் டிஸ்க்கையும் சேர்த்தே பூட்டியிருந்தார்கள் பாவிகள்! சர்வீஸ் கடைக்காரர் பார்த்துவிட்டு, பணம் கொடுத்தாலும் திறப்பார்கள் என்று நம்ப முடியாது என்று கைவிரித்துவிட்டார். மோதிரம் தொலைந்தால் வேறு வாங்கிக் கொடுக்கலாம். கல்யாணத்தை மறுபடியும் நடத்தவா முடியும்?

போட்டோகிராபருக்குப் போன் போட்டேன். அவருடைய கார்டுகளில் அதற்குள் வேறொரு கல்யாணம் ஏறியிருந்தது. "அக்கா, அந்தப் பொண்ணோட தாய்மாமன் என்னைத் தொலைச்சிருவாரு" என்றார். மண்டபத்திலேயே எதற்கெடுத்தாலும் சந்தேகப்பட்டு அவரைப் பாடாய்ப் படுத்திய மனிதராம்.

மறைத்து என்ன ஆகப்போகிறது? நானும் வீட்டுக்காரரும் போட்டோகிராபரும் ராஜபாளையத்தில் பெண் வீட்டுக்குப் போய் நடந்ததைச் சொன்னோம். பெண்ணின் அம்மா கேட்டவுடன் அழ ஆரம்பித்துவிட்டார். பக்கத்தில் உட்கார்ந்திருந்த அந்தத் தாய்மாமன், எங்களை வாங்கு வாங்கென்று வாங்கினார். என் வீட்டுக்காரர் தலை நிமிரவே இல்லை.

ஒருவழியாகத் திட்டி முடித்தவர், பெண்ணின் அம்மாவிடம் "அக்கா, அழாத" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்ப் பீரோவைத் திறந்தார். ஒரு மஞ்சள் பையோடு வந்தார். அதற்குள் ஒரு ஹார்ட் டிஸ்க்!

சீர்ச் சாமான்களைத் தாய்மாமன் எண்ணிச் சரிபார்த்த பிறகுதான் அவர்கள் வீட்டில் மண்டபத்தை விட்டே இறங்குவார்களாம். போட்டோகிராபர் பந்தியில் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது, வீடியோக்காரரைப் பிடித்து உட்காரவைத்து, கேமரா கார்டுகளில் இருந்த எல்லாப் படங்களையும் தன் டிஸ்க்கில் ஏற்றி வாங்கியிருக்கிறார்.

"போட்டோவும் சீருதாம்மா. அம்புட்டையும் உங்களை நம்பி விட்டுட்டு வர நான் என்ன கேனையனா?" என்றார்.

எனக்குப் போன உயிர் திரும்பி வந்தது. வந்த அழுகையை அடக்க முடியவில்லை. ஆனால் டிஸ்க்கை என் கையில் தரவே மாட்டேன் என்றுவிட்டார். புது டிஸ்க் வாங்கி வரச்சொல்லி, அந்த வீட்டுக் கம்ப்யூட்டரிலேயே தன் கண்முன்னால் ஏற்றவைத்துத்தான் அனுப்பினார்.

என் கம்ப்யூட்டரைச் சுத்தமாகத் துடைத்து, பாஸ்வேர்டுகளை எல்லாம் மாற்றி, சாஃப்ட்வேருக்கு ஒழுங்காகச் சந்தா கட்டிய பிறகே ஆல்பத்தைத் தொட்டேன். சந்தா கட்டியது யார் என்கிறீர்கள்? சாட்சாத் என் வீட்டுக்காரரேதான்! இப்போதெல்லாம் எந்த வேலை வந்தாலும் இன்னொரு பிரதி எடுத்து, கம்ப்யூட்டரில் செருகாமல் தனியாக வைத்துவிடுகிறேன்.

முன்பெல்லாம் வாடிக்கையாளர் யாராவது சந்தேகப்பட்டுத் துருவித் துருவிக் கேட்டால் எனக்குச் சுருக்கென்று கோபம் வரும். இப்போது வருவதில்லை. முகம் தெரியாத எவனையோ நம்பி நாங்கள் தொலைத்த கல்யாணத்தை, எங்களை நம்பாத ஒரு மனிதரல்லவா காப்பாற்றி வைத்திருந்தார்!